ஜெஃப் பார்னபி: பூர்வகுடி இயக்குநருக்கு ஜாம்பிப் படம் எதற்கு?

வாசகர் கேள்வி | 4 ஜனவரி 2025

'பிளட் குவாண்டம்' பார்த்து முடித்தேன். எடுத்த ஜெஃப் பார்னபி மிக்மாக் இனத்தவர், கனடாவின் கியூபெக் மாகாணத்தில் ஒரு ரிசர்வில் (பூர்வகுடிகளுக்கென்று ஒதுக்கிய நிலம்) பிறந்தவர் என்று படித்ததும் எரிச்சல்தான் வந்தது. நிலம் பறிபோனது, பிள்ளைகளைப் பிடுங்கி உறைவிடப் பள்ளியில் அடைத்தது என்று சொல்ல எவ்வளவோ இருக்கும்போது, குடலை உருவுகிற ஜாம்பிப் படம் எடுத்திருக்கிறார். முழுநீளப் படம் மொத்தமே இரண்டு. இரண்டுமே ஜானர் படம், அதாவது திகில், கொள்ளை மாதிரி வகைப் படம். கிடைத்த வாய்ப்பை வீணாக்கிவிட்டார் என்பது என் கருத்து. மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கவும்.

கடைசி வரிசை | 4 ஜனவரி 2025

நீங்கள் கேட்கும் ஆவணப்படம் 1984லேயே வந்துவிட்டது. பார்னபி செய்தது அதற்கு அடுத்த வேலை.

1981 ஜூன் 11. ரெஸ்டிகூச் ஆற்றங்கரையில் இருக்கும் மிக்மாக் ரிசர்வ். இன்றைய பெயர் லிஸ்டுகூஜ். சால்மன் பிடிப்பதைக் குறைக்கச் சொல்லி, வலைகளை எடுக்கச் சொல்லி மாகாண அரசு உத்தரவு போட்டது. ஊர் மறுத்தது. ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட மாகாணப் போலீசும் வன அதிகாரிகளும் படகு, ஹெலிகாப்டர் சகிதம் வந்து இறங்கினார்கள். வலைகளை அறுத்து எடுத்துக்கொண்டு, ஆட்களை அடித்து இழுத்துப் போனார்கள். ஜூன் 20ஆம் தேதி மறுபடியும் வந்தார்கள். இதைத்தான் அபெனாகி இனத்தைச் சேர்ந்த அலனிஸ் ஒபோம்சாவின் என்ற இயக்குநர் 'இன்சிடென்ட் அட் ரெஸ்டிகூச்' என்று எடுத்தார். கனடா தேசியத் திரைப்பட வாரியத்தின் தயாரிப்பு, முக்கால் மணி நேரம் ஓடும்.

அதில் ஒரு இடம். துறை அமைச்சர் லூசியன் லெஸாரை உட்காரவைத்து அலனிஸ் கேள்வி கேட்கிறார். தனக்கென்று மொழியும் பண்பாடும் நிலமும் இருந்தால்தான் இறையாண்மை கேட்க முடியும் என்று மிக்மாக் தலைவர்களிடம் சொன்னவர் அவர். தங்களுக்கு இறையாண்மை வேண்டுமென்று 1980இல் பொதுவாக்கெடுப்பு நடத்தித் தோற்ற கட்சியின் அமைச்சர். அலனிஸ் தன் கோபத்தை மறைக்காமல் அவரை மடக்குகிறார். ஆவணப்படக்காரர் ஒதுங்கி நிற்க வேண்டும் என்ற பாடமெல்லாம் அங்கே உடைந்துபோகிறது.

பார்னபி பிறந்தது 1976 ஆகஸ்டில், அதே ஊரில். போலீஸ் வந்தபோது அவருக்கு நாலு வயது. 'பிளட் குவாண்டம்' எந்த வருடம் நடக்கிறது என்று பாருங்கள்: 1981. முதல் காட்சி என்ன? கிழவர் கிசிகு சால்மன் பிடித்து வந்து வயிற்றைக் கீறிக் குடலை எடுக்கிறார். எடுத்த பிறகு அந்த மீன்கள் துள்ளுகின்றன. தொற்று ஆளிடமிருந்து தொடங்கவில்லை, ஆற்றிலிருந்து வலைக்கும் வலையிலிருந்து மேசைக்கும் வருகிறது. அரசு எதை எடுக்க வந்ததோ அதே மீன்.

பழைய புரொஜெக்டர் | 5 ஜனவரி 2025

கிசிகுவாக நடித்த ஸ்டோன்ஹார்ஸ் லோன் கோமன் மிக்மாக் இல்லை, செனெகா இனத்தவர். பாத்திரம் மிக்மாக் மொழியில் பேசும். படம் எடுத்தது லிஸ்டுகூஜிலும் மாண்ட்ரியலை ஒட்டிய மொஹாக் ஊரான காணவாகேயிலும். இதைச் சொல்லக் காரணம், எல்லாமே சொந்த ஊர் என்று எண்ணிக்கொண்டு பார்க்க வேண்டாம். பல இனத்து நடிகர்களைச் சேர்த்து ஒரு கற்பனை ரிசர்வைக் கட்டியிருக்கிறார். அதன் பெயர் ரெட் க்ரோ. முதல் படமும் அதே ரெட் க்ரோவில்தான் நடக்கிறது.

வாசகர் | 5 ஜனவரி 2025

சரி, உருவகம். உருவகம் இல்லாத ஜாம்பிப் படம் எது? ஜாம்பிப் படங்களின் முன்னோடி ரோமெரோ 1968லேயே கறுப்பின நாயகனை வைத்து எடுத்துவிட்டார். இதில் என்ன புதிது?

கடைசி வரிசை | 6 ஜனவரி 2025

உருவகம் என்று நான் சொல்லவில்லை. உருவகம் என்றால் ஒன்றைக் காட்டி இன்னொன்றை நினைக்க வைப்பது. பார்னபி செய்தது வேறு. ஜானர் படத்துக்கு ஒரு விதிமுறை வேண்டும்: யாரைத் தொற்றும், யாரைத் தொற்றாது, எவ்வளவு நேரத்தில், எதனால் சாகும். அந்த விதிமுறையை அவர் சட்டப் புத்தகத்திலிருந்து எடுத்தார்.

தலைப்பே அதுதான். உடம்பில் பூர்வகுடி ரத்தம் எத்தனை பங்கு என்று பின்னமாகக் கணக்கிட்டு, நீ அந்த இனமா இல்லையா என்று தீர்மானிக்கும் முறைக்கு அமெரிக்காவில் பிளட் குவாண்டம் என்று பெயர். கனடாவில் பின்னத்துக்குப் பதில் பிரிவு எண். பூர்வகுடிகளை 'இந்தியன்' என்று அழைத்து அரசு ஏட்டில் பதிவு செய்யும் கனடாவின் இந்தியன் சட்டத்தில், 1985 திருத்தத்துக்குப் பிறகு இப்படி ஓடுகிறது:

பதிவுள்ள இருவருக்குப் பிறந்தால் 6(1). 6(1) ஆள் பதிவில்லாதவரோடு பிள்ளை பெற்றால் அந்தப் பிள்ளை 6(2). 6(2) ஆள் மறுபடி பதிவில்லாதவரோடு பெற்றால் பிள்ளைக்குப் பதிவே கிடையாது. ஆக, தொடர்ந்து இரண்டு தலைமுறை வெளியே கலந்தால் மூன்றாவது தலைமுறை சட்டப்படி பூர்வகுடி இல்லை. யாரையும் கொல்லாமலே ஒரு இனத்தைக் கணக்கில் தேய்த்து முடிக்கலாம்.

படத்தில் தொற்று மிக்மாக்குகளைத் தாக்குவதில்லை, வெள்ளையர்களைத் தாக்குகிறது. எந்த அளவுகோலால் குறைத்துக்கொண்டே வந்தார்களோ, அதே அளவுகோல் இங்கே உயிரைக் காப்பாற்றுகிறது. அதை வைத்துத்தான் அடுத்த முடிச்சு. ஜோசப் என்ற மிக்மாக் பையனின் துணை சார்லி, வெள்ளைக்காரப் பெண், கர்ப்பிணி. வயிற்றில் இருப்பது எந்தப் பக்கம்? வழக்கமான ஜாம்பிப் படத்தில் கர்ப்பிணி வந்தால் பரபரப்புக்காக. இங்கே அந்த வயிறு ஒரு பதிவு அலுவலகம்.

சட்டப் பிரிவு | 6 ஜனவரி 2025

கதை 1981இல் நடக்கிறது. நீங்கள் சொல்லும் 6(1), 6(2) எல்லாம் 1985க்குப் பிறகு. அன்றைக்கு இருந்தது பழைய 12(1)(ஆ). பூர்வகுடிப் பெண் வெளியாளை மணந்தால் அவளுக்குப் பதிவு போய்விடும்; பூர்வகுடி ஆண் வெள்ளைக்காரியை மணந்தால் அவளுக்குப் பதிவு கிடைக்கும். ஆகவே ஜோசப்பும் சார்லியும் அன்றைக்குத் திருமணத்தைப் பதிவு செய்திருந்தால் சட்டத்தின் கண்ணில் சார்லியே 'இந்தியன்'.

நியூ பிரன்ஸ்விக்கைச் சேர்ந்த மாலிசீட் இனப் பெண் சாண்ட்ரா லவ்லேஸ் இந்தப் பிரிவை எதிர்த்து ஐநா மனித உரிமைக் குழு வரை போனார். கனடாவுக்கு எதிராகக் குழு முடிவு சொன்னது 1981 ஜூலை 30. ஊரில் ரெய்டு நடந்த அதே கோடை.

கடைசி வரிசை | 7 ஜனவரி 2025

இது படத்தை இன்னும் கூர்மையாக்குகிறது. காகிதம் சார்லியை உள்ளே சேர்க்கும், கிருமி சேர்க்காது. அவள் தாய் வேறு ஊரில் பிறந்த மிக்மாக் பெண்ணாக இருந்து, வெளியே மணந்ததால் பதிவு போயிருந்தால், காகிதம் அவளைத் தள்ளும், கிருமி விட்டுவிடும். படம் இதை வசனமாகச் சொல்லவில்லை. கட்டமைப்பு மட்டும் போட்டுவிட்டு நகர்கிறது. பார்ப்பவருக்குச் சட்டம் தெரிந்திருந்தால் இரண்டாவது படம் ஒன்று உள்ளே ஓடும்.

வாசகர் | 7 ஜனவரி 2025

அப்படியானால் இனம் ரத்தத்தில்தான் இருக்கிறது என்று படமே ஒப்புக்கொள்கிறதே? அது அந்தச் சட்டத்தைவிட மோசமான வாதம் இல்லையா?

கடைசி வரிசை | 9 ஜனவரி 2025

நல்ல கேள்வி, எளிதில் கடந்துபோக முடியாது. இரண்டு நாள் யோசித்ததில் தோன்றியது இது.

முதலாவது, தொற்றாது என்றால் சாகமாட்டார்கள் என்று அர்த்தமில்லை. கடித்தால் மாறமாட்டார்கள், அவ்வளவுதான். சதை போகும், ரத்தம் போகும், கூட்டம் மொய்த்தால் ஆள் காலி. கவசத்தைக் கொடுத்துவிட்டு அது எதற்கெல்லாம் உதவாது என்று காட்டுவதற்கே பாதிப் படம் செலவாகிறது. இரண்டாவது, ஊருக்குள் நடக்கும் அழிவைச் செய்வது தொற்றாத ஆள்தான். லைசால் என்று ஒரு பாத்திரம், ஜோசப்பின் அண்ணன், வேறு தாய்க்குப் பிறந்தவன். அடைக்கலம் தேடி வரும் வெள்ளையரை உள்ளே விடக் கூடாது என்கிறான். அவன் சொல்வதில் நியாயம் இல்லாமல் இல்லை: வருகிறவர்களில் ஒருவருக்குத் தொற்று இருந்தாலும் எல்லோருக்கும் ஆபத்து. ஆனால் கடைசியில் சொந்த ஊருக்கே கதவைத் திறந்துவிடுபவன் அவன். ரத்தம் ஒன்று என்பதால் பக்கம் ஒன்று ஆகிவிடாது என்பதைப் படம் அவன் வழியாகவே சொல்கிறது.

இருந்தாலும் உங்கள் சந்தேகம் முழுக்கத் தீர்ந்துவிட்டது என்று சொல்லமாட்டேன். தத்தெடுக்கப்பட்டவர், ஊரில் வளர்ந்து ஊர்மொழி பேசும் வெளியாள், இவர்கள் கதை இதில் இல்லை. அந்த இடத்தில் படம் தன் விதியை இன்னும் ஒரு படி தள்ளிச் சோதித்திருக்கலாம்.

பழைய புரொஜெக்டர் | 10 ஜனவரி 2025

எல்லோரும் இரண்டாவது படத்தையே சுற்றுகிறீர்கள். 2013இல் வந்த 'ரைம்ஸ் ஃபார் யங் கூல்ஸ்'தான் இறுக்கமான படம். அதைக் கொள்ளைப் படமாகப் பார்க்க வேண்டும். அணி சேர்ப்பு, திட்டம், முகமூடி, உள்ளே ஒரு ஆள், பெட்டகம்: எல்லாம் இருக்கிறது. கொள்ளையடிக்கப் போகும் இடம் மட்டும் வங்கி இல்லை, உறைவிடப் பள்ளி.

1976, ரெட் க்ரோ. அய்லா என்ற பதினைந்து வயதுப் பெண். தாய் தற்கொலை, தந்தை சிறையில். மாமாவோடு சேர்ந்து கஞ்சா விற்று, அந்தக் காசை பாப்பர் என்ற அரசு அதிகாரிக்கு 'வராமை வரி'யாகக் கட்டுகிறாள். கட்டினால் பள்ளிக்குப் பிடித்துப்போக மாட்டார்கள். காசு பறிபோகிறது. ஹாலோவீன் இரவில் பள்ளிக்குள் புகுந்து திரும்ப எடுப்பதுதான் திட்டம். கழிவுத் தொட்டியிலிருந்து குளியலறைத் தண்ணீர்க் குழாய்க்கு இணைப்பு கொடுக்கிற வேலையும் திட்டத்தில் உண்டு. யார் தலையில் கொட்டுகிறது என்பதைப் படத்தில் பாருங்கள். தியேட்டர் கைதட்டும் இடம் அது. கைதட்ட வைத்ததே சாதனை, ஏனென்றால் அதுவரை உறைவிடப் பள்ளி என்றாலே திரையில் அழுகை மட்டும்தான்.

சட்டப் பிரிவு | 10 ஜனவரி 2025

எது நிஜம், எது புனைவு என்று பிரித்துவிடுகிறேன். இந்தப் படத்தை வரலாறு என்று நம்பி எழுதுகிறவர்கள் அதிகம்.

வராமை வரி: புனைவு. அப்படி ஒரு வரி சட்டத்தில் கிடையாது.

பள்ளியின் காலம்: புனைவு. மிக்மாக் பிள்ளைகள் பலரைக் கொண்டுபோய் அடைத்தது நோவா ஸ்கோஷியாவில் இருந்த ஷூபெனகேடி பள்ளி. 1930 முதல் 1967 வரை நடந்தது. கதை நடக்கும் 1976இல் அது மூடி ஒன்பது வருடம். நாட்டின் மற்ற பகுதிகளில் இப்படிப்பட்ட பள்ளிகள் 1990கள் வரை இருந்தன.

தொடக்கத்தில் திரையில் வரும் சட்ட வாசகம்: பாதி நிஜம். 5 முதல் 16 வயது என்று படம் சொல்கிறது. 1951 சட்டத்தில் கட்டாய வயது 7இல் தொடங்குகிறது. ஆனால் பிள்ளையைப் பிடிக்க வரும் அதிகாரி 'சூழ்நிலைக்குத் தேவைப்படும் அளவு பலத்தைப் பயன்படுத்தலாம்' என்ற பகுதி அப்படியே பிரிவு 119இல் இருந்தது. படம் வெளிவந்த 2013இல் அந்தப் பிரிவு இன்னும் சட்டப் புத்தகத்தில் அச்சாகிக்கொண்டிருந்தது. நீக்கியது 2014இல்.

கடைசி வரிசை | 11 ஜனவரி 2025

பிரிவு 119 தகவலுக்கு எழுந்து நின்று வணக்கம். பார்ப்பவர்கள் பயங்கரக் கற்பனை என்று நினைக்கும் வரி சட்டம், சாதாரணத் தகவல் என்று நினைக்கும் வரி கற்பனை. பார்னபி வேலை செய்யும் விதமே இது.

1976ஐத் தேர்ந்தெடுத்ததை நான் அவருடைய பிறந்த வருடத்தோடு சேர்த்தே படிக்கிறேன். ஒரு படம் பிறந்த வருடத்தில், இன்னொன்று போலீஸ் வந்த வருடத்தில். பள்ளி மூடிவிட்டது என்பதால் பள்ளி முடிந்துவிடவில்லை. அதில் படித்து வெளியே வந்தவர்கள்தான் அந்த ஊரின் அப்பாவும் அம்மாவும் மாமாவும். அய்லாவின் வீட்டில் குடியும் சிறையும் எங்கிருந்து வந்தன என்று படம் தனியாக விளக்குவதில்லை. மலைமேல் கட்டடத்தைக் காட்டிவிட்டு, கீழே வீட்டைக் காட்டுகிறது.

பள்ளிப் பிள்ளைகளின் புதைகுழி காட்சியும் இதில் உண்டு. காம்லூப்ஸ் என்ற ஊரின் பழைய உறைவிடப் பள்ளி வளாகத்தில் அடையாளமில்லாத குழிகள் இருக்கலாம் என்ற அறிவிப்பு வந்தது 2021 மே மாதத்தில். படம் அதற்கு எட்டு வருடம் முன்னால். தீர்க்கதரிசனம் என்று பலர் எழுதினார்கள். எனக்கு அந்தச் சொல்லில் உடன்பாடில்லை. ஊர்க்காரர்களுக்கு முன்பே தெரிந்திருந்தது, சொன்னால் யாரும் நம்பவில்லை. திகில் படத்தில் மட்டும்தான், பார்த்ததைச் சொல்லும் பிள்ளையைப் பார்வையாளர் எடுத்த எடுப்பில் நம்புகிறார். இந்த ஜானரை அவர் விடாமல் பிடித்துக்கொண்டதற்கு இதைவிடப் பெரிய காரணம் எனக்குத் தெரியவில்லை.

வாசகர் | 12 ஜனவரி 2025

கடைசி வரி யோசிக்க வைக்கிறது. ஆனால் இரண்டு படத்துக்கும் நடுவில் ஆறு வருடம். 46 வயதில் இறந்திருக்கிறார். இவ்வளவு திறமையானவர் ஏன் இரண்டே படம்?

கடைசி வரிசை | 13 ஜனவரி 2025

ஏணியை வரிசையாகப் பார்த்தால் தெரியும். மாண்ட்ரியலில் டாசன் கல்லூரி, பிறகு கன்கார்டியா பல்கலைக்கழகத்தில் சினிமா. 2004இல் 'ஃப்ரம் செர்ரி இங்கிலிஷ்', குறும்படம், சண்டான்ஸ் திரைப்பட விழா வரை போனது. 2007இல் 'தி காலனி', நகரத்துக்கு வந்து சிதையும் மிக்மாக் ஆளின் உடல் திகில் கதை. 2010இல் 'ஃபைல் அண்டர் மிசலேனியஸ்', ஏழெட்டு நிமிடம், மிக்மாக் மொழியில் எதிர்காலக் கதை: தன் தோலை உரித்து வெள்ளைத் தோல் ஒட்டிக்கொள்ளப் போகிறவன். கனடாவின் ஜீனி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. பிறகு 2013இல் முதல் முழுநீளப் படம். 2015இல் 'ப்ளீட் டவுன்', 2019இல் இரண்டாவது முழுநீளப் படம். இரண்டிலும் எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு அவரே. இசையிலும் பங்கு உண்டு. இத்தனையையும் தன் கையில் வைத்துக்கொள்கிறவர் வருடத்துக்கு ஒரு படம் தர முடியாது.

2010 குறும்படத்தைத் தேடிப் பார்க்கவும். நடிகர் கொஞ்சம், இடம் கொஞ்சம், ஆனால் ஒரு உலகமே இருக்கிறது. குறைந்த காசில் எதிர்காலம் காட்டுவது எப்படி என்பதற்கு வகுப்பே எடுக்கலாம்: ஜன்னலுக்கு வெளியே எதையும் தெளிவாகக் காட்டாதே, ஒலிபெருக்கியில் யாரோ பேசிக்கொண்டே இருக்கட்டும், கருவிகளைப் புதிதாக வைக்காமல் துருப்பிடித்ததாக வை.

பழைய புரொஜெக்டர் | 13 ஜனவரி 2025

காசு பக்கத்தையும் சொல்ல வேண்டும். நாடகப் படத்தைவிட ரத்தப் படம் ஏன் செலவு என்று வெளியே இருப்பவர்களுக்குத் தெரிவதில்லை.

திரை ரத்தத்தின் அடிப்படை கார்ன் சிரப். சிவப்பு உணவு நிறம், ஆழத்துக்குச் சில சொட்டு நீலம் அல்லது கொஞ்சம் சாக்லேட் சிரப், கறை போக ஒரு கரண்டி பாத்திரம் கழுவும் திரவம். வாயில் போகும் ரத்தத்தில் மட்டும் அந்தத் திரவத்தைச் சேர்க்கவே கூடாது, அதைத் தனிக் குப்பியில் வைத்து மேலே எழுதி ஒட்ட வேண்டும். அறை வெப்பத்தில் நன்றாக ஓடும். குளிரில் தேன் மாதிரி கெட்டியாகி, பீய்ச்சும் குழாயை அடைத்துக்கொள்ளும். வெந்நீர் விட்டு இளக்கினால் நிறம் வெளுக்கும், மறுபடி நிறம் சேர்க்க வேண்டும், முந்தைய ஷாட்டோடு பொருந்தாது. காய்ந்தால் பழுப்பாகி ஒட்டும். நடிகரின் கை கதவுப்பிடியோடு வரும்.

ஒரு டேக்கில் ரத்தம் தெறித்தால் அடுத்த டேக்குக்கு உடை, முகம், சுவர், தரை எல்லாம் பழைய நிலைக்கு வர வேண்டும். அதனால் ஒரே சட்டையில் மூன்று நான்கு பிரதி, சண்டைக் கலைஞருக்குத் தனிப் பிரதி. ஒப்பனைக்கு விடியலுக்கு முன்பே ஆட்கள் வர வேண்டும். ஒரு நாளில் எடுக்கும் ஷாட் எண்ணிக்கை பாதியாகும். நாள் கூடினால் சம்பளம், சாப்பாடு, வண்டி எல்லாம் கூடும். முதலீடு தரும் குழுவுக்கு முன்னால் அறிமுக இயக்குநர் இந்தப் பட்டியலை நீட்டினால் முதலில் வெட்டச் சொல்வது இதைத்தான். கூட்டத்தைப் பத்துப் பேராகக் குறை என்பார்கள். பத்து ஜாம்பியை வைத்து ஒரு பாலத்தை முற்றுகையிட முடியாது.

கடைசி வரிசை | 14 ஜனவரி 2025

பாலம் என்றதும் ஒன்று. நிஜத்தில் ரெஸ்டிகூச் ஆற்றுக்கு இந்தப் பக்கம் கியூபெக், அந்தப் பக்கம் நியூ பிரன்ஸ்விக்கின் கேம்பெல்டன் நகரம், நடுவில் ஜே.சி. வான் ஹார்ன் பாலம். நகரத்துக்கும் ரிசர்வுக்கும் இடையே ஒரே வழி மாதிரி. முற்றுகைக் கதைக்கு இதைவிட நல்ல இடம் அமையாது: ஒரு வாசல், அடியில் ஆறு, இரண்டு கரையிலும் இரண்டு சட்டம். 1981இல் வெளியிலிருந்து வந்தவர்கள் ஊரை அடைத்தார்கள். படத்தில் ஊர் பாலத்தை அடைக்கிறது.

வாசகர் | 14 ஜனவரி 2025

குறையே இல்லாத படம் போலப் பேசுகிறீர்கள். ஆறு மாதம் தாண்டிக் குதித்த பிறகு படம் தடுமாறுகிறது, ஒப்புக்கொள்ளுங்கள்.

கடைசி வரிசை | 15 ஜனவரி 2025

தடுமாறுகிறது. முதல் அரை மணி நேரம் கச்சிதம்: மீன், பிறகு நாய், பிறகு சிறை, பிறகு மருத்துவமனை. சிறியதிலிருந்து பெரியதுக்கு ஒவ்வொரு படியாக. 'ஆறு மாதம் கழித்து' என்று தாண்டியதும், ஊர் எப்படித் தன்னை ஒழுங்குபடுத்திக்கொண்டது, உணவு எங்கிருந்து, அகதிகளை யார் பரிசோதிக்கிறார்கள் என்ற அத்தனையும் விழுந்துவிடுகிறது. அதைத்தான் நான் பார்க்க விரும்பினேன். பேரழிவுக்குப் பின் வாழப் பழகியவர்கள் இவர்கள். அந்தப் பழக்கம் எப்படி வேலைசெய்கிறது என்பதுதான் புதையல். படம் அதை விட்டுவிட்டு லைசாலின் வெறியைப் பிடித்துக்கொள்கிறது.

செவிலியாக வரும் ஜாஸ் பாத்திரத்துக்கு எல்லா-மாய்யா டெயில்ஃபெதர்ஸ் மாதிரி ஒரு நடிகை கிடைத்தும் இரண்டாம் பாதியில் வேலை குறைவு. நடுநடுவே வரும் அனிமேஷன் துண்டுகள் எனக்குப் பிடிக்கும். ஆனால் முதல் படத்தில் பாட்டி சொல்லும் ஓநாய்க் கதை மாதிரி கதைக்குள் இறங்கவில்லை, மேலே மிதக்கின்றன.

மைக்கேல் க்ரேஐஸ் பற்றி மாற்றுக் கருத்தே இல்லை. டிரெய்லர் என்ற ரிசர்வ் போலீஸ்காரர். தோளைத் தொங்கப்போட்டு நடக்கும் அந்த நடையிலேயே முன்னாள் கணவன், பாதி அப்பா, களைத்த அதிகாரி மூன்றும் வந்துவிடுகின்றன. 2021 கனடியத் திரை விருதுகளில் சிறந்த நடிகர் அவர்தான். படத்தொகுப்பு விருது பார்னபிக்கு. அதே வருடம் சிறந்த படம் 'பீன்ஸ்': 1990இல் மொஹாக் நிலத்துக்காக நடந்த ஓகா முற்றுகையைப் பற்றி மொஹாக் இயக்குநர் ட்ரேசி டியர் எடுத்தது. ஒரே விருது வருடத்தில் இரண்டு பூர்வகுடிப் படங்கள், இரண்டும் முற்றுகையைப் பற்றி, ஒன்று யதார்த்தம், ஒன்று ஜாம்பி. உங்கள் முதல் கேள்விக்கு அங்கேயே ஒரு பதில் இருக்கிறது: ஒன்று இருப்பதால் மற்றது வீணாகவில்லை.

பழைய புரொஜெக்டர் | 15 ஜனவரி 2025

வெளியான கதை. 2019 செப்டம்பரில் டொராண்டோ விழாவின் மிட்நைட் மேட்னஸ் பிரிவைத் தொடங்கி வைத்த படம். 2020 வசந்தத்தில் தியேட்டருக்கு வரவேண்டியது. பெருந்தொற்றில் தியேட்டர் மூடிவிட்டார்கள். ஏப்ரல் 28 அன்று நேராக இணையத்துக்கு வந்தது. எல்லோரும் கதவைச் சாத்திக்கொண்டு, வாசலுக்கு வருகிறவருக்குத் தொற்று இருக்குமோ என்று பார்த்துக்கொண்டிருந்த வாரம். அதனால் பேச்சு கிடைத்தது, ஆனால் பெரிய திரையும் கூட்டமும் போயிற்று. கூட்டத்தோடு பார்க்க எடுத்த படம் அது.

வாசகர் | 16 ஜனவரி 2025

எந்த வரிசையில் பார்க்கலாம்? இரண்டாவது படத்தில் தொடங்கியதுதான் என் சிக்கலோ என்று தோன்றுகிறது.

கடைசி வரிசை | 16 ஜனவரி 2025

முதலில் 'இன்சிடென்ட் அட் ரெஸ்டிகூச்'. தேசியத் திரைப்பட வாரியத்தின் தளத்தில் இலவசம். அடுத்து 'ரைம்ஸ்'. அதற்குப் பிறகு 'ப்ளீட் டவுன்', ஐந்து நிமிடம்தான், இதுவும் வாரியத்தின் தயாரிப்பு. வாரியத்தின் பழைய ஆவணக் காட்சிகளை நான்கு பூர்வகுடிக் கலைஞர்களிடம் கொடுத்துப் புதுப் படம் செய்யச் சொன்ன 'சூவெனிர்' வரிசையில் ஒன்று. பூர்வகுடிகளை யாரோ பிடித்த காட்சிகளை எடுத்து, இனுயிட் பாடகி டான்யா டாகாக்கின் தொண்டைக் குரலை மேலே போட்டு, அவற்றையே குற்றச்சாட்டாகத் திருப்பியிருக்கிறார். படத்தொகுப்பாளராக அவர் யார் என்று தெரிந்துகொள்ள இதுதான் குறுக்குவழி: ஒரு ஷாட்கூட அவர் எடுத்ததில்லை, ஆனாலும் முழுக்க அவர் படம். கடைசியில் 'பிளட் குவாண்டம்'.

வாசகர் | 23 ஜனவரி 2025

சொன்ன வரிசையில் பார்த்தேன். 'வீணாக்கிவிட்டார்' என்பதைத் திரும்பப் பெறுகிறேன். ரத்தம் தேவைக்கு மேல் என்பதைத் திரும்பப் பெறவில்லை. லைசாலுக்கு என்ன ஆகிறது என்பதை இவ்வளவு விவரமாகக் காட்ட வேண்டியதில்லை.

கடைசி வரிசை | 23 ஜனவரி 2025

அந்தக் காட்சியில் நானும் உங்கள் பக்கம். அதிர்ச்சி கிடைக்கிறது, வேறொன்றும் கிடைக்கவில்லை. சால்மன் காட்சியில் ஒரு சொட்டு மனித ரத்தம் இல்லை. ஆனால் அதுதான் வருடக்கணக்கில் மறக்காது.

சட்டப் பிரிவு | 25 ஜனவரி 2025

பார்னபி இறந்தது 2022 அக்டோபர் 13, மாண்ட்ரியலில், புற்றுநோய். இவர் போட்ட பாதையில் யார் வருகிறார்கள் என்பதையும் யாராவது எழுதுங்கள்.

கடைசி வரிசை | 26 ஜனவரி 2025

போட்ட பாதை என்பதைவிட, பக்கத்தில் நடந்தவர்கள் என்று சொல்லலாம்.

டானிஸ் கூலே, க்ரீ-மேட்டி இயக்குநர், 'நைட் ரெய்டர்ஸ்', 2021. பிள்ளைகளைப் பிடித்துப் போகும் அரசைப் பற்றிய எதிர்காலக் கதை. கனடாவும் நியூசிலாந்தும் சேர்ந்து தயாரித்தது. நியூசிலாந்துப் பூர்வகுடிகளான மாவோரிகளோடு கைகோத்த அந்தக் கூட்டுத் தயாரிப்பு முறை முக்கியம், ஏனென்றால் மேலே சொன்ன செலவுப் பட்டியலை ஒரு நாட்டு நிதியால் மட்டும் தாங்க முடியாது.

நைலா இனுக்சுக், 'ஸ்லாஷ்/பேக்', 2022. கனடாவின் வடகோடியான நுனாவுட்டில் பாங்னிர்டுங் என்ற ஊர், இனுயிட் சிறுமிகள், வேற்றுக்கிரக உயிரி. 'ரைம்ஸ்' அய்லாவாக நடித்த டெவெரி ஜேக்கப்ஸ் தொலைக்காட்சியில் 'ரிசர்வேஷன் டாக்ஸ்' வரை போய்விட்டார்; அதில் நடிப்பதோடு எழுதவும் செய்தார்.

டொராண்டோவில் இருப்பவர்கள் இமேஜின்நேட்டிவ் விழாவைக் கவனியுங்கள். பூர்வகுடிப் படங்களுக்கென்றே நடப்பது. பழைய கட்டுரைகளில் அக்டோபர் என்று இருக்கும். 2024 முதல் ஜூனுக்கு மாற்றிவிட்டார்கள்.

வாசகர் | 26 ஜனவரி 2025

பன்னிரண்டு வயதுப் பெண்ணோடு உட்கார்ந்து பார்க்க இதில் ஏதாவது தேறுமா?

கடைசி வரிசை | 27 ஜனவரி 2025

'ஸ்லாஷ்/பேக்'. பார்னபி படங்கள் வேண்டவே வேண்டாம். அவற்றில் தற்கொலை, போதை, சதை எல்லாம் உண்டு. இனுக்சுக் படத்தில் கோரம் கொஞ்சம் இருக்கிறது, ஆனால் வேட்டைக்குப் போகிற பிள்ளைகள் ஒரு விலங்கைப் பார்க்கும் கண்ணோடு காட்டியிருக்கிறார்கள், பயமுறுத்தும் வெறி இல்லை.

இன்னொன்றும் கவனிக்கச் சொல்லுங்கள். அந்த ஊரில் கோடையில் இரவிலும் வெளிச்சம் இருக்கும். இருட்டு என்ற ஆயுதமே இல்லாமல் திகில் படம் எடுக்க வேண்டிய கட்டாயம். அதனால் பயத்தைத் தூரத்தில் வைத்திருக்கிறார்: திறந்த வெளியில் தொலைவில் ஒரு கரடி, நடை மட்டும் கொஞ்சம் தப்பாக இருக்கிறது. மிருகத்தின் நடை தெரிந்த பிள்ளைகளுக்குத்தான் அது முதலில் கண்ணில் படும்.